சில்லி வேகும் நேரம்

நவம்பர் 4

நேற்று மாலை நான்கு இருபதுக்கு என் மனைவி பிலோமினா மருத்துவமனையிலிருந்து வீட்டுக்கு வந்து சேர்ந்தாள். ஆம்புலன்ஸ் மலையேறும்போதே பனி இறங்கிவிட்டது. வளைவுகளில் ஓட்டுநர் தலையை வெளியே நீட்டிப் பாதையைப் பார்த்து ஓட்டினார். நான் அவள் கையைப் பிடித்துக்கொண்டிருந்தேன். வலது கை. அந்தக் கையில் உணர்ச்சி கிடையாது என்பது பாதி வழியில்தான் நினைவுக்கு வந்தது. இடப்பக்கம் மாறி உட்கார இடமில்லை.

மருத்துவர் சொன்னவை: பக்கவாதம் வந்து இருபத்து மூன்று நாள் ஆகிறது. மூக்குக் குழாயை எடுத்தாயிற்று. மசித்த உணவை விழுங்க முடிகிறது. எடை 41.2 கிலோ. டிசம்பர் 1 திரும்ப வர வேண்டும். அன்றைக்கு நாற்பதுக்குக் கீழே இருந்தால் மறுபடி குழாய். இந்த முறை வயிற்றில் துளை போட்டு. என்ன சாப்பிட்டாள், எவ்வளவு சாப்பிட்டாள் என்று தேதி போட்டு எழுதி வரச் சொன்னார். அதற்காகத்தான் இந்த நோட்டு. நாற்பத்தோரு ஆண்டுகள் ஒரு நாளிதழுக்குக் கொடைக்கானல் செய்தியாளராக இருந்தேன். என் வீட்டைப் பற்றி எழுதுவது இதுவே முதல் தடவை.

பேச்சு போய்விட்டது. ஒரு சொல் மட்டும் மிச்சம்: "வந்தாச்சா." தண்ணீர் கேட்டாலும் அதுதான், வலித்தாலும் அதுதான். மருத்துவமனையில் பேச்சுப் பயிற்சி கொடுத்த பெண், "ஒத்தச் சொல்லு மாட்டிக்கிட்டு நிக்கும் சார். அதுல அர்த்தம் தேடிக்கிட்டு இருக்காதீங்க" என்றாள்.

இன்று: அரிசிக் கஞ்சி, நான்கு கரண்டி. பிறகு வாயை மூடிக்கொண்டாள்.

நவம்பர் 5

கஞ்சி, மூன்று கரண்டி. பால், கால் டம்ளர்.

நவம்பர் 8

பகலில் உதவிக்கு சகாயமேரி என்ற பெண் வருகிறாள். நாற்பது வயது இருக்கும். குரல் இரண்டு தெருவுக்குக் கேட்கும். எடை பார்க்கக் காய்கறி மண்டியிலிருந்து ஒரு தராசை இரவலாக வரவழைத்தேன். உருளைக்கிழங்கு மூட்டை நிறுப்பது. அதன்மேல் நாற்காலி போட்டு பிலோமினாவை உட்கார வைத்தோம். நாற்காலியைக் கழித்தால் 40.9.

"அம்மா, நீங்க முக்கா மூட்டைதான் தேறுவீங்க போல" என்றாள் சகாயமேரி. பிலோமினாவின் இடப்பக்க உதடு லேசாக இழுபட்டது. சிரிப்பு என்று உறுதியாகச் சொல்ல முடியாது.

நான் இப்போதெல்லாம் அவள் கட்டிலை விட்டு நகர்வதில்லை. மருந்துக்கடைக்கும் சகாயமேரியைத்தான் அனுப்புகிறேன். வேலையில் இருந்த காலத்தில் சில நாள் மதியச் சாப்பாட்டுக்குத் தாமதமாக வந்திருக்கிறேன். இப்போது எந்நேரமும் பக்கத்தில் இருக்கிறேன்.

நவம்பர் 9

மஸ்கட்டிலிருந்து மகள் வெரோணிக்கா பேசினாள். ஆஸ்பத்திரியில் இரண்டு வாரம் கூட இருந்துவிட்டுப் போனவள்.

"கஞ்சியே குடுத்தா யாருப்பா சாப்பிடுவா? அம்மாவுக்கு சில்லி செஞ்சு குடுங்க."

வெளியாருக்கு இது புரியாது. திருமணத்துக்கு முன்பும் பிறகும் பிலோமினா இங்கே ஒரு விடுதிப் பள்ளியின் சமையல்கட்டில் வேலை பார்த்தாள். வெளிநாட்டுப் பிள்ளைகள் படித்த பள்ளி. அங்கே சமையல்காரர்களுக்கு ஓர் அமெரிக்க அம்மாள் சொல்லிக்கொடுத்த பதார்த்தம் அது: மாட்டுக்கறியும் சிவப்பு பீன்ஸும் தக்காளியும் மிளகாயும் சீரகமும் சேர்ந்து நெடுநேரம் வேகும். எங்கள் வீட்டுக்கு வந்தபோது அதில் பூண்டு கூடியது, கடைசியில் ஒரு துண்டு கருப்பட்டியும் சேர்ந்தது. பெயர் மட்டும் சில்லி என்றே நின்றுவிட்டது. கறி நார் நாராகப் பிரிந்து, பீன்ஸ் பாதி கரைந்து, கறுத்துக் கெட்டியாக இருக்கும். முப்பத்தெட்டு வருடம் சாப்பிட்டிருக்கிறேன்.

அதை அவள் சமைத்து ஒரு தடவைகூட நான் பார்த்ததில்லை. இன்றுதான் கவனித்தேன்.

நவம்பர் 10

காலை எட்டு மணிக்கு சிக்கந்தர் பாய் கடைக்கு நானே போனேன். பனியில் கடையின் மஞ்சள் விளக்கு மட்டும் தெரிந்தது. கிட்டே போன பிறகுதான் பாயின் முகம் வந்தது.

"சாரா? கறி வாங்கவா? இன்னைக்கு மழைதான் வரப்போகுது."

"சில்லி வைக்கணும் பாய்."

அவர் கத்தியைக் கீழே வைத்தார். "அக்கா எப்பவும் தொடைக்கறிதான் வாங்கும். சின்னதாப் போடச் சொல்லும், ஆனா கொத்தக் கூடாது. வெரல் நுனி அளவு." வெட்டிக்கொண்டே, "நல்லாயிரும் சார், நல்லாயிரும்" என்று இரண்டு முறை சொன்னார்.

நேற்றே ஊறவைத்த பீன்ஸ் கால் கிலோ, கறி அரைக் கிலோ, தக்காளி ஆறு, எல்லாவற்றையும் பாத்திரத்தில் போட்டு ஒன்பதே முக்காலுக்கு அடுப்பில் வைத்தேன். ஒரு மணிக்குக் கறி வெந்துவிட்டது. பீன்ஸ் வேகவில்லை. மூன்று மணிக்கும் வேகவில்லை. ஐந்து மணிக்கு ஒன்றை எடுத்துச் சுவரில் எறிந்தேன். சத்தத்தோடு திரும்பி வந்தது.

பிலோமினா: கஞ்சி, ஐந்து கரண்டி.

நவம்பர் 11

பள்ளிச் சமையல்கட்டில் தலைமைச் சமையல்காரராக இருந்த இன்னாசியிடம் தொலைபேசியில் பேசினேன். வயது எழுபத்தெட்டு. நான் முடிப்பதற்குள் கேட்டார்.

"தக்காளிய எப்ப சார் போட்டீங்க?"

"முதல்லயே."

"அடக் கடவுளே. புளிப்பு பட்டா பீன்ஸு ஜென்மத்துக்கும் வேகாது. அது தனியா கொதிச்சு, நசுக்குனா மாவா வரணும். அப்புறம்தான் தக்காளி. இதெல்லாம் பேப்பர்ல போட மாட்டாங்களா?"

குறித்துக்கொண்டேன்.

நவம்பர் 13

இன்னாசி சொன்னபடி. பீன்ஸ் முதலில் தனியாக, பத்து நிமிடம் நன்றாகக் கொதித்து, பிறகு நிதானமாக. வேறு பாத்திரத்தில் வெங்காயமும் பூண்டும் சிவக்க வதங்கியதும் அரைத்த மிளகாய், வறுத்துப் பொடித்த சீரகம், கறி. இரண்டையும் சேர்த்த பிறகு தக்காளி. அடுப்பு மிகச் சின்னதாக. மூடியைக் கொஞ்சம் சாய்த்து வைத்தேன்.

பதினொன்றரைக்கு சீரக வாசனை வீடு முழுவதும் பரவியது. ஜன்னல் திறந்திருந்ததால் பனி உள்ளே வந்துகொண்டிருந்தது; வாசனையும் பனியும் கலந்து கூடத்தில் ஒரே வெள்ளையாக நின்றன. பிலோமினா கண்ணைத் திறந்தாள். மூக்கு அசைந்தது. இத்தனை நாளில் அவள் முகத்தில் இப்படி ஒரு தெளிவைப் பார்த்ததில்லை.

ஒரு மணிக்கு மசித்து, ஆற்றிக் கொண்டுபோனேன். கரண்டியைப் பார்த்தாள். என்னைப் பார்க்கவில்லை. தலையைத் திருப்பி ஜன்னலைப் பார்த்தாள். "வந்தாச்சா" என்றாள். உதடுகள் மூடிக்கொண்டன.

ருசி சரியில்லை போலிருக்கிறது. கருப்பட்டி குறைவோ?

நவம்பர் 14

கருப்பட்டி கூட்டினேன். சாப்பிடவில்லை.

நவம்பர் 15

குக்கரில் வைத்தேன். அதன் விசில் சத்தத்துக்கு பயந்துவிட்டாள். சாப்பிடவில்லை. எடை 40.3.

"நீங்க கொழம்பு வைக்கிறீங்களா, கேஸு நடத்துறீங்களா?" என்றாள் சகாயமேரி. சமையல் மேடையில் என் குறிப்புத்தாள்கள் பதினொன்று இருந்தன.

நவம்பர் 17

மதியம் நாற்காலியிலேயே உறங்கிவிட்டேன். கனவில் பேருந்து நிலையத்தில் நிற்கிறேன். அந்தக் காலத்தில் எழுதிய செய்தியையும் படச்சுருளையும் உறையில் போட்டு ஒட்டி, மதுரைப் பேருந்து ஓட்டுநரிடம் கொடுத்து அனுப்புவோம். கனவில் உறையை நீட்டுகிறேன். ஓட்டுநர் வாங்கவில்லை. "மொதல்ல வீட்டுக்குப் போங்க சார்" என்கிறார். பேருந்து பனிக்குள் போகிறது. உறையைப் பிரித்தால் உள்ளே ஊறிய பீன்ஸ்.

விழித்தபோது மணி இரண்டே கால். பிலோமினா, "வந்தாச்சா" என்றாள்.

அதில் அர்த்தம் தேட வேண்டாம் என்றார்கள். தேடவில்லை. எண்ணத்தான் போகிறேன். நாளையிலிருந்து அந்தச் சொல் வரும் ஒவ்வொரு முறையும் நேரத்தைக் குறிப்பேன்.

நவம்பர் 20

மூன்று நாள் கணக்கு. காலை ஆறிலிருந்து பதினொன்று வரை: நான்கு தடவை. பதினொன்றிலிருந்து ஒன்று வரை: ஒன்பது. ஒன்றிலிருந்து நான்கரை வரை: ஐம்பத்திரண்டு. அதன் பிறகு: இரண்டு.

காரணம் தெரியவில்லை. "தெரிகிறது" என்று செய்தியில் எழுதினால் பழைய ஆசிரியர் கேட்பார்: "யாருக்குத் தெரிகிறது?"

எடை 39.9. இன்று அதை சகாயமேரி படித்துச் சொன்னாள். நான் மறுபடி குனிந்து பார்த்தேன். அதேதான்.

நவம்பர் 21

இன்னாசி வீட்டுக்கே நேரில் போனேன். சில்லியை ஒரு தூக்கில் கொண்டுபோய் ருசி பார்க்கச் சொன்னேன். ஒரு கரண்டி வாயில் போட்டு, கண்ணை மூடிக்கொண்டார்.

"சரியாத்தான் சார் இருக்கு. பிலோமினா கைமணம் இல்ல, ஆனா சில்லி இதுதான்."

"எங்க வீட்ல இன்னும் கறுப்பா, கரைஞ்சு இருக்கும். எத்தனை மணி நேரம் வைப்பீங்க பள்ளிக்கூடத்துல?"

"ரெண்டு, ரெண்டே கால் மணி நேரம். அதுக்கு மேல எதுக்கு? எரநூறு பிள்ளைக தட்டத் தட்டிக்கிட்டு நிக்குமே."

"எங்க வீட்ல அஞ்சு மணி நேரமாவது வெந்திருக்கணும். ஆறுகூட இருக்கும்."

"வாய்ப்பே இல்ல. நான் சொல்லிக்குடுத்த ஆளு அது." அவர் தூக்கை மூடி என்னிடம் கொடுத்தார். "ரெண்டு மணி நேரத்துல எறக்கிருக்கும் சார். அப்புறம் என்ன பண்ணுச்சோ, அது ஒங்க வீட்டு சங்கதி."

தகவல் தருபவர்கள் இருவரும் முரண்படுகிறார்கள். ஒருவர் இன்னாசி. மற்றவர் என் நாக்கு. மூன்றாவது ஆள் வேண்டும்.

நவம்பர் 22

வெரோணிக்காவிடம் கேட்டேன். சொல்லுக்குச் சொல் எழுதுகிறேன்.

"அம்மா சில்லிய எத்தனை மணி நேரம் வேகவைப்பாங்கம்மா?"

"பத்தரைக்கு வைப்பாங்க. பன்னெண்டரைக்கு ரெடியாயிரும். நீங்கதான் ஒரு மணிக்கு வந்துருவேன்னு சொல்லிட்டுப் போவீங்களே."

"அப்புறம்?"

"அப்புறம் என்னப்பா. நீங்க வர மாட்டீங்க. ஆறிரக் கூடாதுன்னு அடுப்புத் தணல்ல விட்ருவாங்க. தண்ணி சுண்டச் சுண்ட ஊத்துவாங்க. நீங்க நாலு மணிக்கு வருவீங்க, அஞ்சு மணிக்கு வருவீங்க."

நேரங்களை எழுதிக்கொண்டேன்.

"எனக்கு மட்டும் ஒரு மணிக்கே போட்டுக் குடுத்துருவாங்க. அப்ப பீன்ஸு முழுசு முழுசா இருக்கும். எனக்கு அதான் சில்லி. நீங்க சாப்பிட்டது வேற."

"அம்மா?"

"நீங்க சாப்பிட்டப்பறம்தான் சாப்பிடுவாங்க. என்னைய ஜன்னல்கிட்ட ஸ்டூல் போட்டு உக்கார வச்சிருவாங்க, கேட்டு தெரியும்ல அங்கருந்து. அடுப்படிலருந்து கேட்டுக்கிட்டே இருப்பாங்க."

"என்னன்னு?"

இணைப்பு போய்விட்டதோ என்று பார்த்தேன். போகவில்லை.

"உங்களுக்கு நெசமாவே தெரியாதாப்பா?"

நவம்பர் 23

திருத்தம்: 8ஆம் தேதிக் குறிப்பில் "சில நாள்" என்று எழுதியது பிழை. "பெரும்பாலான நாள்" என்று வாசிக்கவும்.

நவம்பர் 24

எடை 39.6. இன்னும் ஒரு வாரம் இருக்கிறது.

சகாயமேரியிடம் யோசனையைச் சொன்னேன். நான் வீட்டிலேயே உட்கார்ந்திருந்தால் பிலோமினாவுக்கு நான் இன்னும் வரவில்லை என்று பொருள். வர வேண்டுமென்றால் முதலில் போக வேண்டும். சகாயமேரி துடைப்பத்தைக் கீழே போட்டுவிட்டுக் கேட்டாள்.

"அந்தம்மா அரை உசுரா கெடக்கு. மூணு மணி நேரம் பட்டினி போட்டுப் பாக்கணும்னு சொல்றீங்க?"

"பதினொண்ணரைக்குக் கொஞ்சம் பால் குடுத்துரு. குடிச்சாங்கன்னா."

"அப்படியும் சாப்பிடலைன்னா?"

அவள் ரொம்ப நேரம் பிலோமினாவையே பார்த்துக்கொண்டிருந்தாள். கடைசியில், "எங்க வீட்டுக்காரரு வர்ற வரைக்கும் நான்லாம் காத்திருக்க மாட்டேன். தின்னுட்டுத் தூங்கிருவேன்" என்றாள். "போயிட்டு வாங்க. நான் பாத்துக்கறேன்."

நவம்பர் 25

பத்தரைக்கு சில்லியை அடுப்பில் வைத்தேன். பழைய ஜோல்னாப் பையை எடுத்து மாட்டிக்கொண்டேன். உள்ளே ஒன்றும் இல்லை, ஆனாலும் மாட்டினேன். கட்டிலருகே நின்று, "ஒரு மணிக்கு வந்துருவேன்" என்றேன். பிலோமினா என்னைப் பார்த்தாள். மருத்துவமனையிலிருந்து வந்த பிறகு முதல் முறையாக நேராக என் முகத்தைப் பார்த்தாள். அதில் நம்பிக்கை இருந்ததாக எழுத முடியாது. அடையாளம் தெரிந்துகொண்ட பார்வை, அவ்வளவுதான்.

பேருந்து நிலையத்துக்கு நடந்தேன். ஏரியைப் பனி மூடியிருந்தது. படகுகள் இருக்கும் இடத்தில் மரம் மரத்தோடு இடிக்கும் சத்தம் மட்டும் கேட்டது. தேநீர்க் கடையில் உட்கார்ந்தேன். எனக்கு எழுத வேண்டிய செய்தி எதுவும் இல்லை. நாற்பத்தோரு ஆண்டுகளில் எந்தச் செய்திக்காக எந்த நாள் தாமதமானேன் என்று யோசித்துப் பார்த்தேன். மண்சரிவு ஒன்று நினைவுக்கு வந்தது. ஒரு மந்திரி வருகை. மற்ற நாள்களில் இதே பெஞ்சில் இதே போலத்தான் உட்கார்ந்திருக்கிறேன். செய்தி வரலாம் என்று.

ஒரு மணி. எழுந்தேன். மறுபடி உட்கார்ந்தேன்.

இரண்டு மணி. எங்கள் வீடு இருக்கும் மேடு பனிக்குள் எங்கோ இருந்தது. அங்கே ஒரு பாத்திரத்தில் தண்ணீர் சுண்டிக்கொண்டிருக்கும். இங்கே உட்கார்ந்திருப்பவனுக்கு அது கேட்காது. அன்றும் கேட்டதில்லை.

மூன்று மணி. தேநீர்க்காரர், "யாருக்காகவும் காத்திருக்கீங்களா சார்?" என்றார். "இல்ல. எனக்காகத்தான் காத்துக்கிட்டு இருக்காங்க" என்றேன். அவர் சிரித்தார்.

நான்கு பத்துக்கு எங்கள் கேட்டைத் திறந்தேன். அதன் கொக்கி இரும்பில் உரசிச் சத்தம் போடும். எண்ணெய் விட வேண்டும் என்று இருபது வருடமாகச் சொல்லிக்கொண்டிருந்தேன். நல்ல வேளை, விடவில்லை. சத்தம் கேட்டு உள்ளே யாரோ அசைந்தது ஜன்னலில் தெரிந்தது.

சகாயமேரி கதவைத் திறந்தாள். அவள் கண் சிவந்திருந்தது. "ஒரு மணிலருந்து ஜன்னலையேதான் பாத்துக்கிட்டு இருக்கு" என்றாள், குரலை இறக்கி. அவளால் அப்படியும் பேச முடியும் என்று தெரிந்தது.

பிலோமினா தலையணையில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள்.

"வந்தாச்சா."

இத்தனை வருடம் வீட்டுக்குள் நுழைந்ததும் நான் சொல்லத் தொடங்கியது லாரி கவிழ்ந்த கதை, கவுன்சிலர் சண்டை. கேட்ட கேள்விக்குப் பதில் சொன்னதே இல்லை.

"வந்தாச்சு பிலோ" என்றேன்.

கரண்டியை நீட்டினேன். அவள் இடது கை மெதுவாக எழுந்து, என் மணிக்கட்டைத் தொட்டு, கரண்டியை என் பக்கம் திருப்பியது. சாப்பிட்டேன். கறி நார் நாராகப் பிரிந்திருந்தது. பீன்ஸ் பாதி கரைந்திருந்தது. நிறம், கறுப்பு. அதே சில்லி.

அடுத்த கரண்டியை மசித்து நீட்டினேன். அவள் வாயைத் திறந்தாள்.

பதினான்கு கரண்டி.

நவம்பர் 26

நான்கு மணிக்கு வந்தேன். பன்னிரண்டு கரண்டி.

நவம்பர் 27

கறி வேண்டாமென்று பருப்பும் சோறும். மூன்றரைக்கு வந்தேன். பதினைந்து கரண்டி. ஆக, சில்லியில் எந்தப் பிழையும் இருக்கவில்லை.

நவம்பர் 29

மூன்று மணிக்கு வந்தேன். பதினாறு. தினமும் கொஞ்சம் கொஞ்சமாக முன்னால் வருகிறேன். அவள் கவனிக்கிறாளா என்று தெரியவில்லை.

டிசம்பர் 1

மருத்துவமனைத் தராசில் 40.3. மருத்துவர் இந்த நோட்டைப் புரட்டினார். 25ஆம் தேதிப் பக்கத்தில் நின்று, முழுவதும் படித்து, மூடித் திருப்பிக் கொடுத்தார். குழாயைப் பற்றிப் பேசவில்லை. அடுத்த மாதம் வரச் சொன்னார்.

டிசம்பர் 2

மறுபடி சில்லி. பத்தரைக்கு வைத்தேன். பதினொன்றுக்குப் பையை மாட்டிக்கொண்டு, "ஒரு மணிக்கு வந்துருவேன்" என்றேன்.

தேநீர்க் கடைக்குப் போகவில்லை. எங்கள் தெருமுனையில், கல்லறைத் தோட்டச் சுவரில் உட்கார்ந்திருந்தேன். கைக்கடிகாரத்தை ஆறு தடவை பார்த்தேன். ஒரு மணிக்கு ஒரு நிமிடம் இருக்கும்போது கேட்டின் கொக்கியைத் தூக்கினேன்.

சகாயமேரி வாசலில் நின்று என்னையும் மணியையும் பார்த்தாள். பிலோமினா கட்டிலிலிருந்து என்னைப் பார்த்தாள். தலையைத் திருப்பிச் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள். மறுபடி என்னைப் பார்த்தாள். அந்தச் சொல்லுக்காகக் காத்து நின்றேன். அது வரவில்லை. உதடுகள் ஒன்றையொன்று தேடின, பிரிந்தன, மறுபடி கூடின. இதுவரை இல்லாத வேறொரு வடிவத்துக்கு வாய் முயன்றது.

"ம... மழ" என்றாள்.

குளிருகிறதோ என்று நினைத்தேன். சகாயமேரி போர்வையை எடுத்தாள். பிலோமினா போர்வையைத் தள்ளினாள். இடது கையால் என்னைக் காட்டினாள், பிறகு கடிகாரத்தை, பிறகு ஜன்னலை.

"மழ."

இடப்பக்க உதடு மேலே போனது. இந்த முறை உறுதியாக எழுதலாம்: சிரிப்பு.

பீன்ஸ் முழுசு முழுசாக இருந்தது. கரண்டியின் முதுகால் நசுக்கினேன். அவள் முந்திக்கொண்டு வாயைத் திறந்தாள். பதினெட்டுக் கரண்டி.

வெளியே பார்த்தேன். ஒரு மாதமாக மூடியிருந்த பனி விலகி, ஏரி முழுவதும் தெரிந்தது. கொடைக்கானல் வானத்தில் இன்று ஒரு மேகம்கூட இல்லை.